குதிரைவால் முடியில் நான்கு தந்திகள்

அமெரிக்காவில் எனக்குச் சொல்லப்பட்ட முதல் விஷயம், வேலை செய்யக் கூடாது என்பதுதான். கணவனைச் சார்ந்து வருகிறவளுக்கு எச்-ஃபோர் விசா கொடுப்பார்கள். அதை வைத்துக்கொண்டு சாப்பிடலாம், தூங்கலாம், பிள்ளை பெற்றுக்கொள்ளலாம். சம்பளத்துக்குக் கை நீட்ட மட்டும் கூடாது.

கோயம்புத்தூரில் நான் பம்ப் செய்கிற கம்பெனி ஒன்றின் பேட்டர்ன் ஷாப்பில் இன்ஜினியர். இரும்பை வார்ப்பதற்கு முன்னால் அதே உருவத்தை மரத்தில் செய்துகொள்ள வேண்டும். அந்த மர உருவத்துக்குத்தான் பேட்டர்ன் என்று பேர். செதுக்குகிறவர்களை மேற்பார்வை பார்க்கத்தான் என்னைப் போட்டார்கள். நின்று பார்க்கிற பொறுமை எனக்கு ஏது? ஒரு உளியை வாங்கி நானும் செதுக்க உட்கார்ந்துவிட்டேன். அப்படிப்பட்டவளைக் கொண்டுவந்து நியூஜெர்சி பார்சிப்பனியில் ஒரு அபார்ட்மெண்டில் அடைத்தால் என்ன ஆகும்? சமையலறை டிராயர்களைக் கழற்றி, ஓடாத சக்கரங்களைச் சரிசெய்து மாட்டினேன். எல்லா டிராயரும் வழுக்கிக்கொண்டு ஓட ஆரம்பித்ததும் அடுத்து எதைக் கழற்றுவது என்று தெரியவில்லை. கை சும்மா இருந்தால் என் வாய் சும்மா இருக்காது. அதை அனுபவித்தவர் என் வீட்டுக்காரர்.

அவர் பல்லடம் பக்கம் விசைத்தறிக் குடும்பம். தறிச் சத்தம் காதில் விழாத தூரத்துக்குப் போய்விட வேண்டும் என்றே கம்ப்யூட்டர் படித்தவர். தறிக்காரன் மகன் என்று ஆபீசில் மூச்சு விட மாட்டார். அவருடையது கான்ட்ராக்ட் வேலை. ஒரு இடத்தில் முடிந்தால் அடுத்த ஊர். முந்தைய ஊரில் டிரைவிங் டெஸ்டுக்குத் தேதி வாங்கியிருந்தேன். அதற்கும் முந்தைய ஊரில் தொட்டியில் தக்காளி பூ விட்டிருந்தது. எல்லாவற்றையும் பாதியில் போட்டுவிட்டுப் பெட்டி கட்டினேன். எதைத் தொட்டாலும் அரைகுறை என்கிற எரிச்சல் எனக்கு அப்போது நிரந்தரமாகவே இருந்தது.

"இந்த ஊர் ஹைஸ்கூல்ல சாயங்காலம் adult school நடத்தறாங்க. யோகா இருக்கு, கேக் டெகரேஷன் இருக்கு. ஏதாச்சும் ஒண்ணுல join பண்ணேன்" என்றார். நான் மரவேலை வகுப்பில் சேர்ந்தேன்.

அங்கே பெரும்பாலும் ஆண்கள். பறவைக் கூடும் செருப்பு ஸ்டாண்டும் செய்துகொண்டிருந்தார்கள். என்னைத் தவிர இருந்த ஒரே பெண், ஒரு மூலையில் கட்டைக்கு முன்னால் நின்றுகொண்டு உளியை எந்தப் பக்கமாகப் பிடிப்பது என்று யோசித்துக்கொண்டிருந்தாள். என் வயதுதான் இருக்கும். பல் டாக்டர் ஒருவரிடம் உதவியாளராக வேலை. ஊர் எஸ்டோனியா. சோவியத்திலிருந்து சில வருஷங்களுக்கு முன்னால்தான் பிரிந்த குட்டி நாடு என்று அவள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். "கட்டையை அப்படிக் குத்தாதே, அழுகிறது" என்று உளியை வாங்கினேன். எங்கள் சிநேகிதம் அப்படித்தான் ஆரம்பித்தது. அவள் ஆங்கிலமும் என் ஆங்கிலமும் ஒன்றுக்கொன்று சளைத்தவை இல்லை என்பதால் இருவருக்கும் கூச்சம் இருக்கவில்லை.

அவள் செய்ய நினைத்தது தால்ஹார்ப்பா என்ற வாத்தியம். கை நீளத்துக்கு ஒரு மரப்பெட்டி. அதன்மேல் குதிரைவால் முடியை முறுக்கி நான்கு தந்திகள். வில்லிலும் குதிரைவால் முடிதான். தொடைமேல் நிறுத்திவைத்து, முடியால் முடியை உரசி வாசிக்க வேண்டும். அவர்கள் கடற்கரையிலும் தீவுகளிலும் கல்யாணத்துக்கு, ஆட்டத்துக்கு எல்லாம் இதுதானாம். பிரசங்கிமார் அதைப் பிசாசின் வாத்தியம் என்றார்கள், பிறகு அக்கார்டியன் வந்தது, வாசிக்க ஆளில்லாமல் போயிற்று என்றாள். ஊரில் இப்போது ஒரு சிலர் மறுபடி செய்து வாசிக்கிறார்களாம். அவள் அதைப் பார்த்தது பள்ளிக்கூட வயதில், மியூசியத்தில் கண்ணாடிக்கு அந்தப் பக்கம். கையில் எடுத்ததே இல்லை. யாரோ அளந்து வரைந்த ஒரு டிராயிங் மட்டும் வைத்திருந்தாள்.

"இங்கே உங்கள் ஆட்கள் யாருக்கும் தெரியாதா?" என்று கேட்டேன்.

"இங்கே எங்கள் எஸ்டோனியர் சங்கத்தில் கேட்டேன். உனக்கு நல்ல அக்கார்டியன் வாங்கித் தருகிறோம் என்றார்கள்."

டிராயிங்கைப் பார்த்ததுமே எனக்குக் கை பரபரத்தது. ஆனால் ஒன்று இடித்தது. பெட்டியின் மேல்பாதியில் நடுவில் பெரிய ஓட்டை. இடது கையைப் பின்பக்கமிருந்து அதற்குள் நுழைத்து, விரல்களின் பின்புறத்தால் தந்தியைத் தொட வேண்டும். அடியில் பலகை இல்லை. விரல் அழுந்த ஒரு ஆதாரம் இல்லை. வரைந்தவர் விட்டுவிட்டார் என்றே முடிவு கட்டினேன். எங்கள் ஊர்க்காரர்களுக்கு ஒரு வியாதி உண்டு. எதைக் கையில் கொடுத்தாலும் அச்சு அசலாகச் செய்வோம். அதோடு விடாமல் கொஞ்சம் திருத்தியும் வைப்போம். வெளிநாட்டு பம்ப் ஒன்று கோயம்புத்தூருக்குள் நுழைந்தால் வேறு பெயரில், வேறு கைப்பிடியோடுதான் வெளியே வரும். நானும் ஓட்டையை அடைத்து ஒரு பலகை வரைந்தேன்.

அவள் ரப்பரை எடுத்து அதை அழித்தாள். "பலகை வைத்தால் அது வேறு வாத்தியம். வயலின் வேண்டுமென்றால் கடையில் இருக்கிறது."

எனக்குச் சுருக்கென்றது. அடுத்த வகுப்பு முழுக்க ஸாண்ட்பேப்பர் எங்கே என்பதைத் தவிர அவளிடம் நான் எதுவும் கேட்கவில்லை. ஆனால் செதுக்குவதை நிறுத்தவும் இல்லை.

உடம்பு முழுவதையும் ஒரே ஸ்ப்ரூஸ் மரக் கட்டையில் குடைந்தெடுத்தேன். வகுப்பு நாள் போதாமல் அவள் வீட்டு பேஸ்மெண்டிலும் உட்கார்ந்தோம். முதலில் ஒட்டிய மேல்பலகை, குளிர்காலத்து ஹீட்டர் காற்றில் காய்ந்து பட்டென்று வெடித்தது. அன்றைக்கு உளியைத் தூக்கி எறிந்தேன். அவள் எடுத்துத் துடைத்துக் கையில் கொடுத்தாள். குதிரை லாயம் வைத்திருந்த ஒருவரிடம் வால்முடி கேட்டு வாங்கி வந்ததும் அவள்தான். அதைக் கழுவி, சிக்கெடுத்து, முறுக்கித் தந்தியாக்குவதற்குள் எங்கள் இருவருக்கும் பிராணன் போயிற்று. நான் முறுக்கினால் ஒரு இடத்தில் தடிக்கும், ஒரு இடத்தில் இளைக்கும். ஒன்று சரியாக வர ஐந்தாறைத் தூக்கிப் போட்டோம்.

வசந்தத்தில் அது முதன்முதலாகச் சத்தம் போட்டது. கட்டிலைத் தரையில் இழுக்கிற சத்தம். சொல்லிக்கொடுக்க ஆள் கிடையாது. அவள் தினமும் வேலை முடிந்து வந்து இழுத்தாள். நான் தந்திகளைத் தாங்குகிற குதிரைக் கட்டையை இப்படியும் அப்படியும் நகர்த்தினேன், முறுக்காணியைச் சீவினேன், வில்லுக்கு ரோசின் தேய்த்தேன். அவள் வாசிக்க, நான் குறை கண்டுபிடிக்க, இருவரும் சண்டை போட, இப்படியே போயிற்று. ஒரு நாள் ஒரு தந்தியில் மெட்டு ஓட, பக்கத்துத் தந்தி ஒரே சுருதியில் கூடவே நின்று ஒலித்தது. நாதஸ்வரத்துக்கு ஒத்து பிடிப்பது போல. பலகை இல்லாததால் ஸ்வரத்துக்கு ஸ்வரம் விரல் மெத்தென்று நழுவிப் போயிற்று. என் பலகை இருந்திருந்தால் அது வந்திருக்காது. எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. அவளிடம் ஒப்புக்கொள்ள மட்டும் மனசு வரவில்லை.

கோடை முடிகிற சமயம் என் வீட்டுக்காரர் வழக்கமான முகத்தோடு வந்தார். ஊர் மாற்றம் என்றால் ஷூவைக் கழற்றும்போதே எனக்குத் தெரிந்துவிடும்.

"டாலஸ்ல ஒரு பேங்க்ல Y2K project. Rate நல்லா இருக்கு. அக்டோபர்ல join பண்ணணும்."

"நான் வரலீங்க."

"வெளையாடறியா?"

"அந்த வாத்தியத்தை முடிச்சுட்டுத்தான் வருவேன். எத்தனை ஊர்லதான் பாதில விட்டுட்டு வர்றது?"

"அதான் சத்தம் வருதேம்மா!"

"சத்தம் வந்தா ஆச்சுங்களா? பம்ப் ஓடினா போதுமா, தண்ணி வரணுமில்ல?"

தண்ணீர் என்று நான் சொன்னது ஆட்டத்தை. தால்ஹார்ப்பா ஆடுவதற்குப் பிறந்தது. கச்சேரி மாதிரி உட்கார்ந்து கேட்டால் அது இன்னும் கண்ணாடிப் பெட்டிக்குள் இருப்பதாகத்தான் அர்த்தம் என்பது அவள் கட்சி. அக்டோபரில் ஒரு சனிக்கிழமை அவர்கள் சங்கத்தில் விருந்து. அங்கே வாசிக்க எப்படியோ அனுமதி வாங்கியிருந்தாள். நாலு பேர் எழுந்து ஆடுவதை என் கண்ணால் பார்த்துவிட்டால், அதற்குப் பிறகு எந்த ஊருக்குக் கூப்பிட்டாலும் வாயைத் திறக்காமல் வருகிறேன் என்றேன். அவர் நம்பவில்லை, ஆனாலும் ஒத்துக்கொண்டார். விருந்துக்கு மறுநாள் காலை டிரக் வரும் என்று ஏற்பாடு. சனிக்கிழமை தவறினால் தவறியதுதான்.

கடைசி வாரம் முறுக்காணிகளைச் சரிபார்க்க வாத்தியத்தை என் வீட்டில் வைத்திருந்தேன். வெள்ளிக்கிழமை ஆயுத பூஜை. அன்று சாயங்காலம் மூட்டை கட்ட அட்டைப்பெட்டி தேடிக் கடை கடையாக அலைந்துவிட்டு வந்தேன். கதவைத் திறந்தால் ஊதுபத்தி வாசனை. என் வீட்டுக்காரர் ஆபீசிலிருந்து சீக்கிரமே வந்து, குளித்து, வேட்டி கட்டி, திருநீறு பூசி நின்றார். தரையில் புதுத் துண்டு விரித்து ஆபீஸ் லேப்டாப், கார் சாவி, என் உளிகள், ரம்பம், அரம் எல்லாம் வரிசையாக. பொரி, கடலை, வாழைப்பழம். ஹாலோவீனுக்காக ஊரெல்லாம் பூசணிக்காய் மலிந்து கிடந்ததில் ஆரஞ்சு நிறத்தில் ஒன்று. எல்லாவற்றுக்கும் நடுவில் தால்ஹார்ப்பா, சந்தனமும் குங்குமமும் வைத்துக்கொண்டு.

"கும்பிட்டுக்கோ. நான் இதை ஒரு பொருளாவே மதிக்கறதில்லைன்னு சொல்லுவியே. நடுவுல வெச்சிருக்கேன் பாரு" என்றார்.

அந்த மனிதர் அத்தனை மாதமும் அதைப் பெட்டி என்றுதான் சொல்லியிருக்கிறார். கும்பிடக் குனிந்தபோதுதான் அதன் பளபளப்பைக் கவனித்தேன்.

"என்ன போட்டீங்க இதுக்கு?"

"மேலெல்லாம் வெள்ளையா மாவு மாதிரி படிஞ்சு கெடந்துச்சு. நல்லாத் தொடச்சு தேங்காயெண்ணெய் போட்டுட்டேன். எங்கப்பா ஆயுத பூஜைக்கு ஒரு தறி விடாம எண்ணெய் போட்டுத்தான் பொட்டு வெப்பாரு."

"தந்திக்குமா?"

"தந்திக்கு, வில்லுக்கு, எல்லாத்துக்கும்."

அவர் மாவு என்றது ரோசின் தூள். பைன் மரப் பிசின். அது இருந்தால்தான் முடி முடியைப் பற்றும். எண்ணெய் பட்டால் பற்றாது. நான் வாத்தியத்தைத் தூக்கினேன்.

"எடுக்காத! சாமிக்கு வெச்சதை நாளைக்குக் காலைல கும்பிட்டுத்தான் எடுக்கணும்!"

நான் வில்லைப் போட்டு இழுத்தேன். சத்தமே இல்லை. மறுபடி இழுத்தேன். வழுக்கிக்கொண்டு போயிற்று. நான் கத்திய கத்தலில் கீழ்வீட்டுக்காரர் கம்பால் கூரையைத் தட்டினார். நாளைக்கு விருந்து, நாளை மறுநாள் டிரக், இதைக் கெடுக்கவே செய்தீர்களா என்றெல்லாம் கேட்டேன். அவர் வேட்டி நுனியைப் பிடித்துக்கொண்டு அப்படியே நின்றார்.

"கும்பிட்டது ஒரு தப்பா?" என்றார் கடைசியில். "எனக்கு எப்படித் தெரியும்? என்னைக்காச்சும் ஒரு நாள் கூப்பிட்டுக் காட்டினியா, இது இப்படி, இதுக்கு இதுதான் போடணும்னு?"

நான் காட்டவில்லை. அந்த ஊரில் எனக்கென்று இருந்தது அது ஒன்றுதான். அதைப் பங்கு போட எனக்கு இஷ்டமில்லை. அதை அவரிடம் சொல்லவில்லை. என் சிநேகிதிக்கு போன் செய்துவிட்டுப் படுத்தேன், தூங்கவில்லை.

காலையில் வந்தவள் வாத்தியத்தைத் தொட்டுப் பார்த்தாள். முகம் சிவந்தது. என் வீட்டுக்காரரைப் பார்த்து, "முடி இயந்திரம் இல்லை" என்றாள். அவர் சாரி என்றார். அதற்கு மேல் திட்ட அவளுக்கு நேரம் இல்லை. தந்திகளையும் வில்முடியையும் கழற்றி, பாத்திரம் கழுவும் சோப்பில் அலசி, ஹேர் டிரையரில் காயவைத்து, ரோசின் தேய்த்தோம். வில் பிழைத்தது. இரண்டு தந்திகள் பிழைத்தன. மெட்டு ஓடுகிற தந்தியும் அதன் பக்கத்துத் தந்தியும் வழுக்கிக்கொண்டே இருந்தன. மிச்சம் இருந்த முடி ஒரு பிடிதான். நான் முறுக்க உட்கார்ந்தேன். முதல் தந்தி நடுவில் தடித்து, பூட்டும்போதே அறுந்தது.

மூலையில் நின்று பார்த்துக்கொண்டிருந்தவர் கிட்டே வந்தார். "அப்படி முறுக்கினா தடிக்கத்தான் செய்யும். எல்லா இழையும் ஒரே இழுப்புல இருக்கணும். தள்ளு."

முடியின் ஒரு முனையை ஃபிரிட்ஜ் கைப்பிடியில் கட்டினார். விரலைத் தண்ணீரில் நனைத்து நீவி, தொய்வான இழைகளை ஒவ்வொன்றாக இழுத்துச் சமன் செய்தார். மறுமுனையில் என் அரத்தைக் கட்டித் தொங்கவிட்டு, அதைப் பம்பரம் மாதிரி மெல்லச் சுற்றவிட்டார். நடுவில் நீளம் போதாத முடிகளை அவர் விரல் ஒரு சுண்டு சுண்டி முடிச்சுப் போட்டது. முடிச்சு எங்கே என்று எனக்குத் தெரியவில்லை. தறியில் நூல் அறுந்தால் ஓட்டத்தை நிறுத்தாமலே முடிகிற முடிச்சாம். சின்ன வயதில் பள்ளிக்கூடம் விட்டு வந்து இதைத்தான் செய்வாராம். "இதுக்குத்தான் அந்த ஊரை விட்டு ஓடிவந்தேன்" என்றார், முடியிலிருந்து கண்ணை எடுக்காமல்.

அவள் இரண்டு புதுத் தந்திகளையும் விரலால் தடவிப் பார்த்தாள். "உன் புருஷனை முதலிலேயே கூட்டி வந்திருக்கலாம்" என்றாள்.

மூன்று பேரும் பார்க்வே நெடுஞ்சாலையில் தெற்கே பைன் காட்டுப் பக்கம் போனோம். அவர்கள் சங்கத்துக் கட்டடத்தில் கூட்டம் நிறைய, பெரும்பாலும் வயதானவர்கள். கருப்பு ரொட்டி, மீன், காப்பி. கோரஸ் பாடினார்கள், நன்றாக இருந்தது. பிறகு அவள் நாற்காலியில் உட்கார்ந்து தால்ஹார்ப்பாவைத் தொடையில் நிறுத்தினாள்.

சத்தம் வந்தது. கரகரவென்று, தாராளமாக வந்தது. ஆனால் ஒருவரும் எழவில்லை. காப்பிக் கோப்பையைப் பிடித்துக்கொண்டு மரியாதையாகக் கேட்டார்கள். குட்டி மெட்டு அது. சுற்றிச் சுற்றி அதே இடத்துக்கு வரும். அவள் முடித்துவிட்டு மறுபடி ஆரம்பித்தாள், மறுபடி ஆரம்பித்தாள். ஆடுங்களேன் என்று ஒவ்வொரு முகமாகப் பார்த்தேன். பக்கத்தில் என் வீட்டுக்காரர் சாமி கும்பிடுகிற மாதிரி கையைக் கட்டி நின்றார்.

ஒரு கிழவர் கோப்பையைக் கீழே வைத்தார். மனைவியின் கையைப் பிடித்து இழுத்தார். அந்தம்மா வேண்டாம் என்று தலையாட்டிக்கொண்டே எழுந்தாள். இரண்டு பேரும் ஒரு சுற்று வந்தார்கள். தரைப் பலகை தடதடத்தது. அந்தத் தடதடப்பு மற்றவர்களுக்கும் தொற்றியிருக்க வேண்டும். கொஞ்ச நேரத்தில் நாற்காலிகளை ஓரமாகத் தள்ளினார்கள். வியர்த்து வழிய அவள் வாசித்தாள். நிறுத்த அவர்கள் விடவில்லை.

நான் கேட்டது கிடைத்துவிட்டது. அந்த நிமிஷத்தில் எனக்குச் சந்தோஷம் பொங்கியிருக்க வேண்டும். எனக்குக் காதில் விழுந்ததோ, அவள் வில்லை அழுத்தி இழுக்கும்போதெல்லாம் மேல்பலகையின் இடது பக்கம் அதிர்ந்த 'ர்ர்ர்' தான். அங்கே உள்பக்கம் கனம் கூடிவிட்டது. எந்த இடம் என்றுகூடத் தெரிந்தது. கைதட்டல் ஓய்வதற்குள் அவளிடம் ஓடினேன்.

"எனக்கு ஒரு நாள் கொடு. டிரக்கைத் தள்ளிப்போடச் சொல்கிறேன். மேல்பலகையைப் பிரித்து ஒரு சீவல் எடுத்தால் போதும்."

அவள் வாத்தியத்தை மார்போடு சேர்த்துப் பிடித்துக்கொண்டாள். "இல்லை. இனிமேல் நீ திறக்கக் கூடாது."

"அதிருகிறது, உனக்குக் கேட்கவில்லையா?"

"கேட்கிறது. இருக்கட்டும். நீ முடித்துவிட்டாய். இனி இது வாசிக்கிறவளுடையது."

சொல்லிவிட்டு என்னைக் கட்டிக்கொண்டாள். வாத்தியம் எங்கள் இருவருக்கும் நடுவில் இடித்தது. எதையாவது முழுசாக முடிக்க வேண்டும் என்று ஊர் ஊராகப் புலம்பியவள் நான். முடிந்தால் கையை விட்டுப் போய்விடும் என்பதை நான் நினைத்துப் பார்க்கவே இல்லை.

காரில் ஏறியதும் சத்தம் போட்டு அழுதேன். டோல் பூத்தில் அவர் சில்லறை போடுகிற வரைக்கும் அழுதேன்.

"ஆடினாங்கல்ல? பார்த்தேல்ல? அப்புறம் என்ன?" என்றார்.

"எடது பக்கம் அதிருதுங்க."

"எனக்கும் கேட்டுச்சு."

நான் அழுகையை நிறுத்திவிட்டு அவரைப் பார்த்தேன். அவர் ரோட்டையே பார்த்து ஓட்டிக்கொண்டிருந்தார். கொஞ்ச தூரம் போன பிறகு, "அடுத்ததுல சரி பண்ணிக்கோ. முடி நான் முறுக்கித் தர்றேன்" என்றார்.